வட்ட ஆட்டப் பாடலும் கொள்ளைநோய் விளக்கமும்: சிறுவர் பாடல்களுக்குப் பொருள் காணும் முறை பற்றி ஒரு மறுநோக்கு

1. முன்னுரை

நாட்டுப்புறச் சிறுவர் பாடல்களை ஆராய்வோர் முன் இரண்டு வினாக்கள் எழுகின்றன. ஒரு பாடல் எங்கே, எப்போது தோன்றியது என்பது ஒன்று. அப்பாடலின் பொருள் யாது என்பது மற்றொன்று. முன்னது வரலாற்று வினா. பின்னது பயன்பாட்டையும் சூழலையும் சார்ந்த வினா. இவ்விரண்டையும் ஒன்றாகக் கருதி, தோற்றத்தைச் சொல்லிவிட்டால் பொருளையும் சொல்லியதாகும் என்று கொள்ளும் போக்கு ஆய்வுலகிலும் வகுப்பறையிலும் பரவலாகக் காணப்படுகிறது. இப்போக்கின் குறைபாட்டை, உலகெங்கும் அறியப்பட்ட ஒரு பாடலைக்கொண்டு விளக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

'ரிங் எ ரிங் ஓ ரோசஸ்' என்னும் ஆங்கிலச் சிறுவர் பாடல் இந்திய மழலையர் பள்ளிகளில் பல தலைமுறைகளாகப் பாடப்பட்டுவருகிறது. குழந்தைகள் கைகோத்து வட்டமாகச் சுற்றிவந்து, பாட்டின் முடிவில் ஒருசேரத் தரையில் விழுவர். இப்பாடல் 1665-இல் இலண்டனைத் தாக்கிய பெருங்கொள்ளைநோயின் மறைமுகப் பதிவு என்னும் விளக்கம் கல்வி கற்றோரிடையே உறுதியான செய்தியாக நிலைபெற்றுள்ளது.

இக்கட்டுரையாசிரியரும் ஆசிரியர் பயிற்சி வகுப்புகளில் சில ஆண்டுகள் இவ்விளக்கத்தையே கூறிவந்தவர். ஒருமுறை பயிற்சி மாணவி ஒருவர், "எங்கள் ஊரில் அந்த இடத்தில் தும்மல் இல்லையே, 'ஹஷா புஷா' என்றுதானே பாடுகிறோம்" என்றார். அது குழந்தைகளின் வாயில் சிதைந்த வடிவம் என்று அப்போது விடை கூறப்பட்டது. அவ்விடை பிழையானது என்பதைப் பின்னர்ச் சான்றுகளை ஒருங்கே வைத்து நோக்கியபோது உணர நேர்ந்தது. சிதைவு என்று தள்ளப்பட்ட அவ்வடிவமே இச்சிக்கலுக்கு வழிகாட்டும் சான்றுகளுள் ஒன்றாகும்.

2. கொள்ளைநோய் விளக்கம்

இவ்விளக்கம் பாடலின் நான்கு கூறுகளைக் குறியீடுகளாகக் கொள்கிறது. ரோசா வட்டம் என்பது நோயாளியின் தோலில் தோன்றும் சிவந்த வட்டத் தடிப்பு. பை நிறைந்த மலர்கள் என்பன நச்சுக்காற்றைத் தடுக்க மக்கள் உடன்கொண்டு சென்ற நறுமணப் பொருள்கள். தும்மல் ஒலி நோயின் இறுதி அறிகுறி. கீழே விழுதல் இறப்பு. தும்மலுக்கு மாறாகச் சாம்பலைக் குறிக்கும் சொல் வரும் வடிவங்களில், அச்சொல் பிணங்களை எரித்ததைச் சுட்டும் என்பர்.

இவற்றுள் மலர்களைப் பற்றிய கூற்றில் ஓரளவு உண்மை உண்டு. நோய் தீய காற்றினால் பரவுகிறது என்று நம்பிய காலத்தில் மக்கள் வாசனைத் தழைகளையும் மலர்களையும் கையில் வைத்திருந்தனர். ஏனைய கூற்றுகள் வலுவற்றவை. கொள்ளைநோயின் சிறப்பு அறிகுறிகள் கடுங்காய்ச்சலும், அரையிடுக்கு, அக்குள், கழுத்து ஆகிய இடங்களில் எழும் நெறிக்கட்டிகளுமாகும். நுரையீரலைத் தாக்கும் வகையில் இருமல் உண்டு. 1994-இல் சூரத்தில் அவ்வகை பரவியபோது அச்செய்தி நம் நாட்டில் பலராலும் அறியப்பட்டது. தும்மல் இந்நோயின் சிறப்பு அறிகுறி அன்று. 1665-ஆம் ஆண்டு இலண்டன் இறப்புப் பட்டியல்கள் கொள்ளைநோயால் மாண்டோர் தொகையை 68,596 எனக் குறிக்கின்றன. உண்மைத் தொகை அதனினும் மிகுதி என்பது வரலாற்றாசிரியர் கருத்து. இவ்வாறு மாண்டோர் பெருங்குழிகளில் புதைக்கப்பட்டனரேயன்றி எரிக்கப்படவில்லை. ஆகவே சாம்பல் பற்றிய விளக்கம் வரலாற்றோடு பொருந்தவில்லை.

எனினும், குறியீடுகள் பொருந்தாமையை மட்டும் காட்டி இவ்விளக்கத்தை மறுத்தல் போதாது. குறியீட்டு விளக்கம் நெகிழ்வுடையது. ஒன்று பொருந்தாவிடின் வேறொன்றை அவ்விடத்தில் வைத்துவிடலாம். எனவே பாடலின் வரலாற்றையே நோக்கவேண்டும்.

3. காலச் சான்றுகள்

1665-இல் இலண்டனில் வாழ்ந்து, அக்கொள்ளைநோயைத் தம் நாட்குறிப்பில் விரிவாக எழுதிய சாமுவேல் பெப்பிஸ் இப்பாடலைக் குறிப்பிடவில்லை. அந்நோயைப் பொருளாகக்கொண்டு டேனியல் டீஃபோ 1722-இல் வெளியிட்ட நூலிலும் இது இல்லை. அமெரிக்க எழுத்தாளர் ஆன் ஸ்டீபன்ஸ் 1855-இல் வெளியிட்ட புதினமொன்றில் சிறுவர் விளையாட்டாக இது குறிக்கப்படுகிறது. இங்கிலாந்தில் கேட் கிரீனவே 1881-இல் வெளியிட்ட மழலைப் பாடல் நூலில் பாடல் அச்சேறியது. 1883-இல் வில்லியம் வெல்ஸ் நியூவெல் அமெரிக்கச் சிறுவர் விளையாட்டுகள் பற்றிய தம் நூலில் பல வடிவங்களைத் தந்தார். அவற்றுள் ஒன்று மாசசூசெட்சு மாநிலத்து நியூ பெட்ஃபோர்டில் 1790 அளவில் வழங்கியது என்பது அவர் குறிப்பு.

பாடல் 1665-க்கும் அச்சேறிய காலத்திற்கும் இடையே வாய்மொழியாகவே வாழ்ந்திருக்கலாகாதா என்று வினவலாம். வினா நியாயமானதே. ஆங்கில மழலைப் பாடல்களின் தொகுப்புகள் அச்சாகத் தொடங்கியதே 18-ஆம் நூற்றாண்டில்தான். ஏட்டில் இல்லாமை வழக்கில் இல்லாமைக்குச் சான்றாகாது என்பதைத் தமிழ் நாட்டுப்புறவியல் ஆய்வாளர் நன்கறிவர். ஆகவே பெப்பிசின் மௌனத்தை மட்டும் முடிந்த முடிபாகக் கொள்ளுதல் கூடாது.

ஆனால் இங்கு வேறொரு மௌனமும் நோக்கத்தக்கது. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி, விளையாட்டுகளில் பழங்கால எச்சங்களைத் தேடிய காலமாகும். எட்வர்டு டைலர் 1871-இல் வெளியிட்ட 'தொன்மைப் பண்பாடு' என்னும் நூலில் சிறுவர் விளையாட்டுகளையும் தும்மல் பற்றிய வழக்கங்களையும் எச்சக் கோட்பாட்டிற்குச் சான்றாகக் காட்டினார். அம்மரபில் வந்த ஆலிஸ் கோம் 1894, 1898 ஆகிய ஆண்டுகளில் இரு தொகுதிகளாக வெளியிட்ட பிரித்தானிய விளையாட்டுத் தொகுப்பில் இப்பாடலின் பல வடிவங்களை ஆராய்ந்தார். எச்சம் தேடுவதையே நோக்கமாகக் கொண்ட இவ்வறிஞர்கள்கூட இப்பாடலைக் கொள்ளைநோயோடு இணைக்கவில்லை. அவர்கள் காலத்தில் அத்தகைய செவிவழிச் செய்தி பாடுவோரிடையே வழங்கியிருப்பின் அதனை அவர்கள் விட்டிருக்க வாய்ப்பில்லை.

கொள்ளைநோய் விளக்கம் பரவலாக வெளிப்படுவது 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலேயாகும். ஐயோனா ஓப்பி, பீட்டர் ஓப்பி இணையர் 1951-இல் வெளியிட்ட ஆக்ஸ்ஃபோர்டு மழலைப் பாடல் அகராதியில் இவ்விளக்கத்தை ஐயத்தோடு குறிப்பிட்டனர். 1961-இல் ஜேம்ஸ் லீசர் எழுதிய கொள்ளைநோய் வரலாற்று நூல் அதனை உண்மையாகவே எடுத்தாண்டது. 1985-இல் வெளிவந்த 'பாட்டு விளையாட்டு' என்னும் நூலில் ஓப்பி இணையர் ஐரோப்பிய வடிவங்களோடு ஒப்பிட்டு இச்சிக்கலை மீண்டும் ஆராய்ந்தனர். பாடலுக்கு நூற்றாண்டுகள் வயது இருக்கலாம். அதன் கொள்ளைநோய் விளக்கம் அறியப்பட்ட அளவில் மிக இளையது.

4. திரிபு வடிவங்களின் பரவல்

வரலாற்று மொழியியலில் மூலவடிவத்தை மீட்டுருவாக்கும்போது, கிளைமொழிகள் அனைத்திலும் காணப்படும் கூறுகளைப் பழமையானவை எனவும், ஒரு பகுதியில் மட்டும் காணப்படுவனவற்றைப் பிற்காலப் புதுமை எனவும் கொள்வது பொதுவிதி. ஃபின்லாந்து அறிஞர் யூலியுஸ் குரோன், கார்லே குரோன் ஆகியோர் வளர்த்த வரலாற்று நிலவியல் முறையும் வாய்மொழி வழக்காறுகளுக்கு இதனையொத்த நெறியையே வகுத்தது. இந்நெறியை இப்பாடலுக்குப் பொருத்திப் பார்க்கலாம்.

இதனோடு நெருங்கிய ஜெர்மானியப் பாடலொன்று 1796-இல் அச்சாகியுள்ளது. ஆர்னிம், பிரென்டானோ ஆகியோர் தொகுத்த 'சிறுவனின் மாயக் கொம்பு' என்னும் நாட்டுப்பாடல் தொகுப்பின் 1808-ஆம் ஆண்டுச் சிறுவர் பாடல் பகுதியிலும் அது இடம்பெற்றது. அதிலும் வட்டம் உண்டு. ஆயின் அங்கே மூன்று குழந்தைகள் ஒரு புதர்ச்செடியை இடமாகக் கொண்டு ஓர் ஒலியை எழுப்பி, பின் அமர்கின்றனர். நோயோ தும்மலோ இல்லை. இத்தாலியில் வழங்கும் வட்ட ஆட்டப் பாடலில் உலகமும் நிலமும் சாய்வதாகக் கூறப்பட்டு, இறுதியில் எல்லாரும் தரைக்கு இறங்குகின்றனர். அதில் மலரும் இல்லை, நோயும் இல்லை.

ஆங்கில வடிவங்களுக்குள்ளும் ஒருமை இல்லை. கிரீனவேயின் 1881-ஆம் ஆண்டு வடிவத்தில் தும்மலுக்குரிய இடத்தில் அமைதிப்படுத்தும் ஒலியே உள்ளது. சாம்பற் சொல் பெரிதும் அமெரிக்க வழக்கில் காணப்படுவது. நியூவெல் தரும் விளக்கத்தில் விழுதல்கூட இறப்பாக இல்லை. எல்லாரும் சட்டெனக் குனியும்போது பிந்தியவர் ஒரு தண்டனையைப் பெறுவார். அல்லது ரோசாச் செடியாக நடுவில் நிற்பவரின் இடத்தை ஏற்பார். நியூ பெட்ஃபோர்டு வடிவத்திலோ தும்மலும் விழுதலும் பாடற்சொற்களில் இல்லை.

இவற்றை ஒருங்கே நோக்கினால் ஒரு முடிவு தெளிவாகிறது. கைகோத்த வட்டமும், பெரும்பான்மையான வடிவங்களில் காணப்படும் உடல் தாழ்த்தலும் (அமர்தல், குனிதல், விழுதல்) பரவலான கூறுகள். தும்மலும் சாம்பலும் குறுகிய பரப்பின, பிற்காலத்தில் பதிவானவை. கொள்ளைநோய் விளக்கம் தன் வலுவைப் பெறுவது இப்பிற்காலக் கூறுகளிலிருந்தேயாகும். ஒரு சொல்லின் பிற்கால ஒலித்திரிபை அடிப்படையாகக்கொண்டு அதன் வேர்ச்சொல்லைக் கூறுவதற்கு இது நிகராகும்.

5. ஒலியசைகளும் பொருளேற்றமும்

பாடலின் மூன்றாம் அடி இடம், சொல்லால் நிரம்புவதைவிட ஒலியால் நிரம்புவது என்பதைத் திரிபு வடிவங்கள் காட்டுகின்றன. தும்மல் ஒலி, சாம்பல், அமைதிக் குறிப்பொலி, இந்திய வழக்கின் 'ஹஷா புஷா' ஆகிய எல்லாம் அவ்விடத்திற்கே உரியவை. இவற்றுட் பெரும்பாலானவற்றில் பொதுவாக அமைந்திருப்பது உரசொலி. 'ஷ்' என்னும் ஒலி. ஜெர்மானிய வடிவங்களில் வரும் கூவலொலியும் இவ்வுரசொலியையே கொண்டது. ஆட்டம் சுற்றும் வேகத்திலிருந்து வீழ்ச்சிக்குத் திரும்புமுன் ஒரு முன்னறிவிப்பு தேவைப்படுகிறது. அம்முன்னறிவிப்பையே இவ்வொலி செய்கிறது.

தமிழ் இலக்கண மரபினருக்கு இக்கருத்துப் புதிதன்று. தொல்காப்பிய இடையியல் அசைநிலை, இசைநிறை என்னும் வகைகளை வகுத்துள்ளது. பொருளுணர்த்தாது ஓசையை நிறைக்க வரும் சொற்கள் மொழியில் உண்டு என்பதை ஏற்றதோடு, அவற்றுக்குப் பெயரும் இட்டது அவ்விலக்கணம். உரையாசிரியர் ஒவ்வோர் அசைநிலைக்கும் வலிந்து பொருள் கூறினால் அதனை நாம் ஏற்பதில்லை. அந்த நிதானம் சிறுவர் பாடல்களை ஆராயும்போதும் வேண்டும்.

பொருளற்ற ஒலி நெடுநாள் பொருளற்றதாகவே இருப்பதில்லை என்பதும் உண்மை. பாடுவோர் அதனைத் தாம் அறிந்த சொல்லோடு இயைத்துக் கேட்பர். ஒரு பகுதியினர் தும்மலாகவும், மற்றொரு பகுதியினர் சாம்பலாகவும் கேட்டனர். மக்கள் வழக்குச் சொற்பிறப்பு எனப்படும் இந்நிகழ்வு எல்லா மொழிகளிலும் உள்ளது. இந்தியக் குழந்தைகள் அவ்வொலியை எவ்வாறு மாற்றினர் என்பது சுவையானது. முதலெழுத்தை மட்டும் மாற்றி ஒரு சொல்லை இரட்டிக்கும் எதிரொலிச் சொல்லாக்கம் இந்திய மொழிகளின் பொதுக்கூறு. எமனோ 1956-இல் முன்வைத்த இந்திய மொழியியற் பரப்பு என்னும் கருத்தோடு இணைத்து எண்ணப்படும் கூறுகளுள் இதுவும் ஒன்று. தமிழில் 'புலி கிலி' எனக் ககர முதலாகவும், மராத்தியில் ஒலிப்புடைய இதழொலி முதலாகவும் இது அமையும். 'ஹஷா புஷா' இவ்வாய்பாட்டை ஒத்துள்ளது. ஆகவே அது பிழைபட்ட ஆங்கிலமாகாது. குழந்தைகள் தம் மொழிச்சூழலின் விதிக்கேற்ப இசைநிறையை இசைநிறையாகவே காத்த வடிவம் எனல் பொருந்தும்.

6. பேரிடரும் பாடலும்

பேரிடர்கள் பாடலில் இடம்பெறுவதில்லை என்பது இக்கட்டுரையின் கருத்தன்று. இடம்பெறும்போது அவை எவ்வாறு வெளிப்படுகின்றன என்பதே வினா. 17-ஆம் நூற்றாண்டு இலண்டனில் கொள்ளைநோயை வெளிப்படையாகக் கூறும் ஒற்றைத்தாள் அச்சுப் பாடல்கள் விற்கப்பட்டன. 1918-ஆம் ஆண்டு இன்ஃபுளுயன்சாப் பெருந்தொற்றையொட்டி ஆங்கிலச் சிறுமியர் கயிறு தாண்டி ஆடியபோது பாடிய பாடலொன்று அந்நோயின் பெயரையே சிலேடையாகக் கொண்டுள்ளது. சிறுவர் வழக்காறும் நோயைப் பெயர் சொல்லியே பாடியது என்பதற்கு இது தக்க சான்று.

தமிழ்ச் சூழலிலும் நிலை இதுவே. 1876–78-ஆம் ஆண்டுகளின் தாது வருடப் பஞ்சத்தைப் பாடிய கும்மிகளும் சிந்துகளும் ஆண்டின் பெயரையும் துயரத்தையும் வெளிப்படையாகக் கூறுகின்றன. கோயம்புத்தூரில் பிளேக் மாரியம்மன் என்னும் பெயரிலேயே கோயில்கள் உள்ளன. கொள்ளைநோயால் துயருற்ற மக்கள் அந்நோயின் அயல்மொழிப் பெயரைத் தம் தெய்வத்தின் பெயரோடு சேர்த்து வழங்கினர். 2020-இல் கொரோனாப் பெருந்தொற்றின்போது நாட்டுப்புறக் கலைஞர்கள் பாடிய விழிப்புணர்வுப் பாடல்களும் நோயைப் பெயர் சொல்லியே பாடின. மறைத்துக் கூறவேண்டிய தேவை இருந்ததாகக் காட்டாதவரை, மறைபொருள் உண்டு என்று கொள்வதற்கு இடமில்லை.

7. விளக்கமும் ஒரு வழக்காறே

அவ்வாறாயின் கொள்ளைநோய் விளக்கத்தைப் பொய் என்று ஒதுக்கிவிடலாமா? வழக்காற்றியல் நோக்கில் அதுவும் பொருந்தாது. ஆலன் டண்டிஸ் 1966-இல் எழுதிய கட்டுரையொன்றில், வழக்காறு பற்றி மக்களே கூறும் கருத்துகளையும் தொகுத்து ஆராயவேண்டும் என்று வலியுறுத்தினார். பாடலைப் பற்றிய விளக்கமும் வாய்வழியே பரவுகிறது, திரிபுகளைப் பெறுகிறது, சொல்வோருக்கு ஒரு நிறைவைத் தருகிறது. 1665-ஐக் கூறுவோரும் உளர். 14-ஆம் நூற்றாண்டின் 'கருஞ்சாவு' எனப்படும் பேரிழவைக் கூறுவோரும் உளர். இருவேறு காலங்களுக்கு ஒரே விளக்கம் பொருத்தப்படுவதே அதன் வழக்காற்றுத் தன்மையைக் காட்டும்.

இவ்விளக்கம் ஏன் விரும்பப்படுகிறது என்பதும் சிந்திக்கத்தக்கது. களங்கமற்ற ஆட்டத்தின் அடியில் சாவு மறைந்துள்ளது என்னும் செய்தி கேட்போரை உலுக்குகிறது. சொல்பவருக்கு மறைபொருள் அறிந்தவர் என்னும் மதிப்பைத் தருகிறது. குழந்தைகள் பொருளறியாது பாடுகின்றனர், பொருளைப் பெரியவர்களே அறிவர் என்னும் எண்ணமும் இதனுள் அடங்கியுள்ளது. இவ்வெண்ணமே ஆய்வுக்குப் பெருந்தடை. ஒருசேரச் சுற்றுதல், ஒருசேர விழுதல், விழுந்தும் அடிபடாதிருத்தல், உடனே எழுந்து மீண்டும் ஆடுதல் ஆகியவற்றின் மகிழ்ச்சி ஆடும் குழந்தைக்கு நன்கு தெரியும். பாடலின் பொருளை அறிய முதலில் கேட்கப்படவேண்டியவர் அக்குழந்தையே.

8. தமிழ்ச் சிறுவர் பாடலாய்வுக்குச் சில குறிப்புகள்

இக்கருத்துகள் நம் ஆய்வுகளுக்கும் உரியவை. தேவநேயப் பாவாணர் 1954-இல் 'தமிழ்நாட்டு விளையாட்டுகள்' என்னும் நூலில் விளையாடும் முறைகளை வகைப்படுத்தினார். நா. வானமாமலை 1964-இல் 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' தொகுப்பை வெளியிட்டார். பின்னர்ப் பல்கலைக்கழக ஆய்வுகளும் பெருகின. இவற்றின் பயனாகப் பாடல்கள் பல காக்கப்பட்டன. ஆயினும் பாடலின் சொற்களைத் தந்து ஆடும் முறையை ஓரிரு வரிகளில் முடித்துவிடுதலும், பல வடிவங்களுள் ஒன்றைச் சரியான பாடமாகக்கொண்டு ஏனையவற்றை நீக்குதலும் ஆய்வேடுகளில் இன்றும் காணப்படுகின்றன.

எடுத்துக்காட்டாக, குடக்கணக்கில் நீர் ஊற்றப் பூக்கள் ஒவ்வொன்றாகப் பெருகுவதாக எண்ணிச் செல்லும் தமிழ்ப் பாடலை நோக்கலாம். இருவர் கைகோத்து உயர்த்தி வளைவு அமைக்க, மற்றவர் வரிசையாக அதனுள் நுழைந்து செல்வர். எண்ணிக்கை முடிவில் ஒருவர் பிடிபடுவார். இதில் நீர்ப்பஞ்சத்தின் நினைவையோ வளமைச் சடங்கின் எச்சத்தையோ காண்பது எளிது. ஆனால் அதற்கு முன், எந்தக் கூறு எல்லா ஊர் வடிவங்களிலும் மாறாதுள்ளது என்று காணவேண்டும். எண்வரிசை மாறாதிருப்பின், அது பிடிபடும் கணத்தை நோக்கி எதிர்பார்ப்பை வளர்க்கும் ஆட்டத்தேவையால் நிற்கிறதா என்று வினவவேண்டும். அதன்பின் எஞ்சுவதற்கே வரலாற்று விளக்கம் தேடவேண்டும். 'இலண்டன் பாலம்' என்னும் ஆங்கிலப் பாடலுக்கும் வளைவு ஆட்டமே அடிப்படை என்பதால் இரண்டும் ஒரே மூலத்தின என்று கூறிவிடவும் இயலாது. ஒத்த உடலசைவுகள் தனித்தனியே தோன்றுதல் கூடும்.

டண்டிஸ் 1964-இல் கூறிய சொல்நடை, பனுவல், சூழல் என்னும் மூன்று நிலைகளையும் களஆய்வாளர் பதிவு செய்தல் வேண்டும். இடம், நாள், ஆடுவோரின் வயது, ஆணா பெண்ணா என்பது, உடலசைவு எந்த அசையில் நிகழ்கிறது என்பது, பொருளற்ற ஒலிகளின் சரியான உச்சரிப்பு, அப்பாடல் பற்றி ஆடுவோரே கூறும் விளக்கம் ஆகிய அனைத்தும் தனித்தனியே குறிக்கப்படவேண்டும். தெருவில் ஆடும் ஆட்டங்கள் குறைந்துவரும் இக்காலத்தில், இன்று விடப்படும் திரிபு நாளை கிடைக்காமற்போகலாம். அதனை இழந்தபின் எத்தகைய விளக்கத்தையும் சோதிக்க வழியிராது.

9. முடிவுரை

'ரிங் எ ரிங் ஓ ரோசஸ்' பாடலின் கொள்ளைநோய் விளக்கம் காலச் சான்றாலோ, நோயின் அறிகுறிகளாலோ, திரிபு வடிவங்களின் பரவலாலோ நிலைநிறுத்தப்படவில்லை. அவ்விளக்கம் சார்ந்துள்ள கூறுகள் பிற்காலத்தவை. பரவலான கூறுகளுக்கு நோயோடு தொடர்பில்லை. இப்பாடல் ஐரோப்பிய வட்ட ஆட்ட மரபைச் சார்ந்தது என்பதே சான்றுகள் இடந்தரும் முடிவு. அதனினும் முற்பட்ட தோற்றத்தை உறுதியாகக் கூற இப்போதைய சான்றுகள் போதா.

ஆசிரியர்கள் இப்பாடலைக் கற்பிக்கும்போது கொள்ளைநோய்ச் செய்தியைக் கூறவிரும்பின், அதனை 20-ஆம் நூற்றாண்டில் பரவிய ஒரு விளக்கமாகக் கூறலாம்; வரலாற்றுண்மையாகக் கூறுதல் தகாது. 'ஹஷா புஷா' என்று பாடும் குழந்தையைத் திருத்தவேண்டிய தேவையும் இல்லை. பல ஆண்டுகளுக்கு முன் அம்மாணவி எழுப்பிய வினாவிற்கு இக்கட்டுரையாசிரியர் காலந்தாழ்த்தித் தரும் விடை இது.